கசிகிறதா, ஒழுகுகிறதா? சொற்பொருள் வினாவுக்கு நான் படித்த விதம்

தமிழ் முதுகலை முதல் பருவத் தேர்வில் ‘கசிதல்: பொருளும் சொல் வரலாறும் தருக’ என்று ஐந்து மதிப்பெண் வினா வந்தது. ஒழுகுதல், சொட்டுதல், வடிதல் என்று மூன்று சொற்களை வரிசையாக எழுதிவிட்டு அடுத்த வினாவுக்குப் போய்விட்டேன். கிடைத்தது ஒன்றரை. காரணம் கேட்டபோது பேராசிரியர், “இந்த நான்கும் ஒன்றா? புது மண்பானையில் தண்ணீர் ஊற்றி வைத்துப் பாருங்கள்” என்றார்.

வைத்துப் பார்த்தேன். சிறிது நேரத்தில் பானையின் வெளிப்புறம் நிறம் கறுத்தது. விரலை வைத்தால் ஈரம்; ஆனால் ஒரு துளியைக்கூடக் காணவில்லை. அதுதான் கசிவு. அடிப்பக்கத்தில் ஈரம் திரண்டு முத்தாகி விழத் தொடங்கியபோது அது சொட்டுதல் ஆயிற்று. பானையில் விரிசல் இருந்து நீர் கோடாக இறங்கியிருந்தால்தான் ஒழுகுதல்.

அதன் பிறகு அகராதியைத் திறந்தபோது எல்லாம் விளங்கியது. கசிதலுக்கு வியர்த்தல், அழுதல், மனம் நெகிழ்தல் என்றும் பொருள் உண்டு. எல்லாமே உள்ளிருக்கும் ஈரம் மெல்ல வெளியே தெரிவதுதான். சம்பந்தர் ‘காதலாகிக் கசிந்து கண்ணீர் மல்கி’ என்று பாடியதில் வரிசையைக் கவனியுங்கள்: முதலில் உள்ளம் கசிகிறது, பிறகுதான் கண்ணீர் பெருகுகிறது. இந்த ஒரு வரியை எழுதியிருந்தாலே என் விடை நிமிர்ந்திருக்கும். இன்று ‘வினாத்தாள் கசிந்தது’ என்று நாளிதழ்கள் எழுதுவதும் இதன் நீட்சியே. மூடி வைத்த ஒன்று யாரும் அறியாமல் வெளியே வருகிறது அல்லவா?

ஒழுகுதலின் வழி வேறு. ஓடுதல் என்பதே அதன் பழம்பொருள். மலையாளத்தில் இன்றும் ஆறு ‘ஒழுகும்’. ஒரு நெறியில் தொடர்ந்து செல்வது என்று அது விரிந்தபோதுதான் ‘ஒழுக்கம்’ கிடைத்தது. கசிதலுக்குப் பொருளில் நெருங்கிய உறவு ‘பொசிதல்’. நெல்லுக்கு இறைத்த நீர் வாய்க்கால் வழி ஓடிப் புல்லுக்கும் பொசியும் என்கிறது மூதுரை. ஓடுவதும் பொசிவதும் வேறு என்பதை ஔவையாரே பிரித்துக் காட்டிவிட்டார்!

எனவே, இத்தகைய வினாவுக்கு ஒருபொருட் சொற்களை அடுக்காதீர்கள். நெருங்கிய ஒரு சொல்லோடு வேறுபடுத்தி இரண்டு வரி, இலக்கியத்திலிருந்து ஓர் எடுத்துக்காட்டு, இன்றைய வழக்கிலிருந்து ஒன்று எழுதுங்கள். ஐந்து மதிப்பெண்ணுக்கு அது போதும். இறந்தகால வடிவத்தையும் சேர்த்துப் படியுங்கள்: கசிந்தது, பொசிந்தது ஒரு வகை, ஒழுகியது, சொட்டியது மற்றொரு வகை.

அடுத்த பருவத்தில் ‘ஊறுதல்’ வந்தது. இம்முறை பானையையும் கிணற்றையும் அருகருகே வைத்து எழுதினேன்: பானை கசிந்தால் நீர் குறையும், கிணறு ஊறினால் நீர் கூடும்.