யாகி ஆன்டெனாவுல உடாவோட உழைப்பு

வீட்டு மேல மீன் முள்ளு மாதிரி நிக்குமே டிவி ஆன்டெனா, அதை எல்லாரும் யாகின்னு தான் சொல்வாங்க. எனக்கு அதுல ரொம்ப வருத்தம், ஏன்னா கம்பி நீளத்தை மாத்தி மாத்தி, இடைவெளியை மாத்தி மாத்தி அளந்து அது எப்படி வேலை செய்யுதுன்னு நிரூபிச்சவர் ஷின்டாரோ உடா. ஜப்பான்ல செண்டாய்ல இருக்கற டோஹோகு யுனிவர்சிட்டில ஹிடெட்சுகு யாகி ப்ரொபசர், உடா அவர்கிட்ட வேலை பார்த்த சின்ன வயசு இன்ஜினியர். 1926-ல இது வெளிய வந்துச்சு.

அதுல எத்தனை கம்பி இருந்தாலும் கேபிள் சேர்றது ஒரே ஒரு கம்பில தான், அது அலைநீளத்துல கிட்டத்தட்ட பாதி. 100 மெகாஹெர்ட்ஸ் எஃப்எம்னு வச்சுக்கோங்க, அலைநீளம் 3 மீட்டர், அப்ப கேபிள் கம்பி ஒன்றரை மீட்டருக்கு கொஞ்சம் கம்மி. பின்னாடி இருக்கற ரிஃப்ளெக்டர் அதைவிட ஒரு ஏழெட்டு சென்டிமீட்டர் கூட, முன்னாடி வரிசையா நிக்கற டைரக்டர் எல்லாம் கேபிள் கம்பியைவிட கொஞ்சம் குட்டை, அவ்வளவு தான் வித்தியாசம். ஆனா ஒயரே படாத அந்த கம்பிங்கள்ல அலை பட்டதும் தானா கரண்ட் ஓடும், நீளம் மாறுறதால கொஞ்சம் முந்தியோ பிந்தியோ ஓடும், அதுலேர்ந்து கிளம்புற அலையெல்லாம் முன்பக்கம் ஒண்ணு சேர்ந்து பலமாகும், பின்பக்கம் ஒண்ணை ஒண்ணு அழிச்சுக்கும். கம்ப்யூட்டர் இல்லாத காலத்துல இதை ஒவ்வொரு கம்பியா அளந்தே கண்டுபிடிக்கறதுக்கு எவ்வளவு பொறுமை வேணும்!

பேட்டன்ட் யாகி பேர்ல போச்சு, 1928-ல அமெரிக்கால வந்த இங்கிலீஷ் கட்டுரையும் யாகி எழுதினது. அதுல உடாவோட வேலையை அவர் சொல்லியிருக்கார், ஆனா படிச்சவங்க மனசுல நின்னது ஒரு பேர் தான். ஜப்பான் ராணுவமே இதை கண்டுக்கல. 1942-ல சிங்கப்பூரைப் பிடிச்சப்போ பிரிட்டிஷ் ரேடார் குறிப்பு ஒண்ணு கிடைச்சுது, அதுல யாகின்னு எழுதியிருந்தது என்னன்னே அவங்களுக்குப் புரியல, கைதியா இருந்த பிரிட்டிஷ்காரரைக் கேட்டப்புறம் தான் அது ஒரு ஜப்பான்காரர் பேர்னு தெரிஞ்சுதாம்.

உடா விடாம வேலை பார்த்துட்டே இருந்தார். 1954-ல முஷியாகேங்கற இன்னொரு ஆன்டெனா ஆராய்ச்சியாளரோட சேர்ந்து இந்த ஆன்டெனா பத்தி முழு புத்தகமே எழுதினார், அப்புறம் யுனெஸ்கோ நிபுணரா டெல்லி நேஷனல் பிசிகல் லேபரட்டரிக்கும் வந்து மைக்ரோவேவ்ல வேலை பார்த்திருக்கார். அதனால நான் எங்க எழுதினாலும் யாகி-உடான்னு முழுசா தான் எழுதுவேன்.