மயனுக்கு கிரெடிட்ஸ்ல பேர் போட்டாங்களா?

நான் கோலாலம்பூர்ல ஒரு சின்ன கேம் ஸ்டூடியோல வேலை பாக்குறேன். வெளிநாட்டுக் கம்பெனிங்க கேம் பண்ணுவாங்க, அதுக்கு வேண்டிய கோட்டை, மண்டபம், மாடிப்படி எல்லாம் நாங்க கட்டிக் குடுப்போம், கேம் வந்ததும் கடைசில ஓடுற கிரெடிட்ஸ்ல ஸ்டூடியோ பேரு மட்டும் பொடி எழுத்துல போகும், சில சமயம் அதுவும் இருக்காது.

போன ப்ராஜெக்ட் ஒரு ஃபேண்டஸி கேம். அந்த உலகத்துல தலைநகரத்தக் கட்டுன ஒருத்தர், பெரிய படிப்பாளி, அவரோட வாழ்க்கைய ஒரு பக்கத்துல எழுதணும்னு வந்துச்சு, கொஞ்சம் கதை எழுதுவான்னு அது என் தலைல விழுந்துச்சு. கிளையண்ட் அனுப்புன ஷீட்ல பிறந்த வருஷம், குரு, முக்கியமான கட்டடங்கள், இறந்த வருஷம்னு கட்டம் கட்டமா இருந்துச்சு, ஈபிஎஃப் ஃபார்ம் நிரப்புற மாதிரி.

எனக்கு உடனே மயன்தான் ஞாபகம் வந்தாரு. அசுர சிற்பின்னு மட்டும்தான் நமக்குத் தெரியும், ஆனா சூரிய சித்தாந்தம்னு அந்த வானியல் நூல் இருக்கே, அது ஆரம்பிக்கறதே கிருத யுகத்தோட கடைசில மயன் தவம் பண்ணி சூரியன்கிட்ட இருந்து கிரகக் கணக்கெல்லாம் கேட்டுத் தெரிஞ்சுக்கிட்டாருன்னுதான். அப்புறம் ராமாயணத்துல மண்டோதரிக்கு அப்பா, ராவணனுக்கு மாமனாரு. அதுக்கப்புறம் பாண்டவங்க காலத்துலயும் வர்றாரு. எங்க லீட் ஒரு பினாங்கு அக்கா, நான் இதெல்லாம் சொல்ல சொல்ல பொறுமையா கேட்டுட்டு, "தம்பி, கிளையண்ட் வருஷம் கேக்குறான், நீ யுகம் சொல்ற, எப்படிலா?"ன்னாங்க.

நான் விடல, ஏன்னா மகாபாரதத்தோட சபா பர்வத்துல மயன் பாண்டவங்களுக்கு மண்டபம் கட்டுற பகுதிய வாசிச்சா அது அப்படியே நம்ம ஆபீஸ் கதை. அர்ஜுனனும் கிருஷ்ணனும் அக்னிக்காக காண்டவ வனத்த எரிக்கறப்ப அங்க இருந்த மயன் தப்பிச்சு ஓடி வர்றாரு, அர்ஜுனன் அபயம் குடுக்குறான். பதிலுக்கு நான் என்ன செய்யட்டும்னு கேட்டா எனக்கு ஒண்ணும் வேணாம் கிருஷ்ணனுக்கு எதாச்சும் செய்ங்கறான், கிருஷ்ணன் யோசிச்சுட்டு தர்மருக்கு ஒரு சபை கட்டிக் குடுங்கறாரு, எப்படிப்பட்ட சபைன்னா எவ்ளோ உத்துப் பாத்தாலும் யாராலயும் அதே மாதிரி இன்னொண்ணு கட்ட முடியக்கூடாது. பிரீஃப் அவ்வளவுதான்! மயன் என்ன பண்றாரு, கைலாயத்துக்கு வடக்க பிந்துசரஸ் ஏரிப் பக்கம் தானவங்க யாகத்துக்காக முன்னாடியே சேத்து வச்சிருந்த மணியும் பளிங்கும் இருக்கு, போயி அத எடுத்துட்டு வர்றாரு. பழைய ப்ராஜெக்டுக்கு செஞ்சு வச்ச அசெட்ட, அதாவது தூணு, கதவு மாதிரி பொருள எடுத்து புதுசுல போடுறதுன்னு நாங்க தினமும் செய்யறதுதான். தூக்கறதுக்கும் காவலுக்கும் கிங்கரர்னு 8,000 ராட்சசங்க. 14 மாசத்துல வேலை முடிஞ்சிருச்சு.

எனக்கு உறுத்துறது வேற. அவரு இருந்த காட்டைக் கொளுத்துனவங்களுக்குத்தான் அவரு கட்டிக் குடுக்குறாரு, அதப் பத்தி அவருக்கு என்ன தோணுச்சுன்னு ஒரு வரி கிடையாது. முடிச்சு ஒப்படைச்சதோட ஆளு கதைல இருந்தே போயிடறாரு, அப்புறம் அந்தக் கட்டடம்தான் பேசுது. துரியோதனன் பளிங்குத் தரைய தண்ணின்னு நெனச்சு வேட்டியத் தூக்கறான், நெஜத் தண்ணிய தரைன்னு நெனச்சு விழறான், மூடியிருக்கற பளிங்குக் கதவுல மோதிக்கறான், பீமன் சிரிக்கறான். அந்த எரிச்சல்ல தொடங்குனது சூதாட்டத்துல போயி நிக்குது.

இதுக்கு மகாபாரதம் வரைக்கும் போக வேணாம், எங்க ஊருலயே இருக்கு. டத்தாரான் மெர்டேக்கா, அதான் மெர்டேக்கா சதுக்கம், அதுக்கு எதிர்ல இருக்கற சுல்தான் அப்துல் சமாட் கட்டடம், 1897ல முடிச்சது, ரொம்ப நாளா ஏ. சி. நார்மன் கட்டுனதுன்னுதான் சொல்லிட்டு இருந்தாங்க. ஆனா மொதல்ல போட்ட ஐரோப்பிய பாணி டிசைன் ஸ்டேட் எஞ்சினியர் ஸ்பூனருக்குப் பிடிக்கல, இந்திய முஸ்லிம் கட்டடங்க பாணில மாத்தச் சொன்னாரு, உக்காந்து மாத்தி வரைஞ்சது பிட்வெல்னு இன்னொருத்தர். ரிவிஷன் பண்ணவன் பேரு பின்னாடி போற வழக்கம் அப்பவே இருந்துருக்கு பாருங்க.

அக்காகிட்ட பேசி ஷீட்ல பிறந்த வருஷம் இறந்த வருஷம் ரெண்டையும் காலியா விட்டுட்டோம். கல்லு எங்கிருந்து வந்துச்சு, யாரு சுமந்தா, வேலை குடுத்தவனுக்கும் அவருக்கும் என்ன பகை, கதவுல யாரு மண்டைய இடிச்சா, இதத்தான் எழுதினேன். கடைசியா ஒரு விஷயம் இளங்கோவடிகள்கிட்ட இருந்து எடுத்தது. புகார்ல கண்ணகியும் கோவலனும் உக்காந்த கட்டில மயன் செஞ்சது மாதிரின்னு சொல்றாரு, சபைய யாரும் பாக்கல, ஆனா ஒரு கட்டில் நல்லா இருந்தாக்கூட அவரு பேரச் சொல்றாங்க. அதனால எங்க ஆளோட தலைநகரம் இடிஞ்சு போன பிறகும் அங்க தச்சனுங்க நல்ல நாற்காலி செஞ்சா அவரு பேரச் சொல்லி விக்கறதா வச்சேன்.

கிளையண்ட் கால்ல வந்து நாற்காலி ஓகே, கதவுல இடிக்கறது வேணாம், அறிஞர் டிசைன்ல குறை இருக்கற மாதிரி தெரியுதுன்னாங்க. அக்கா விட்டுக் குடுக்கல. அது குறை இல்ல, அவன் வேணும்னேதான் அப்படி வச்சிருக்கான், தன் காட்டை எரிச்சவங்களுக்குக் கட்டுற வீட்டுல வேற எப்படி கதவு வைப்பான்னு கேட்டாங்க. அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமே இல்ல, அப்புறம் வச்சுக்கோங்கன்னுட்டாங்க. கேம் பேரு சொல்ல முடியாது, வெளில சொல்ல மாட்டோம்னு என்டிஏ ஒப்பந்தத்துல கையெழுத்து போட்டிருக்கோம், இவ்ளோ சொன்னதே ஜாஸ்தி.