கையால் போட்ட 1.03: பழைய வீட்டாவில் கேம் அப்டேட் செய்த கதை

அக்கா மகன் புனலூரிலிருந்து விடுமுறைக்கு செங்கோட்டை வந்தால் பாட்டியைப் பார்ப்பதற்கு முன்னாடி என் மேசை டிராயரைத்தான் பார்ப்பான். சோனி கம்பெனியின் கையடக்க கேம் மிஷினான வீட்டா அங்கேதான் இருக்கும். இந்த முறை எடுத்துக்கொண்டு போன ஒரு மணி நேரத்திலேயே திரும்பக் கொண்டுவந்து நீட்டினான். "மாமா, நாலாவது ரேஸ்ல லாஸ்ட் லாப் வந்தா அப்படியே நிக்குது. பின்னே வெளிய தள்ளிருது." பள்ளிக்கூடத்தில் மலையாளம், வீட்டில் தமிழ், அதனால் நடுவில் ஒரு 'பின்னே' எப்போதும் வந்து விழும்.

வாங்கிப் பார்த்தேன். அவன் சொன்னது சரிதான். நாலாவது ரேஸ், கடைசிச் சுற்று, பாலத்தைத் தாண்டும்போது படம் உறைந்து, பத்து நொடி கழித்து சி2-12828-1 என்று ஒரு பிழை எண். வீட்டா வைத்திருப்பவர்களுக்கு இது தெரிந்த முகம்தான். "கேம் விழுந்துவிட்டது, ஏன் என்று சொல்ல மாட்டேன்" என்று அர்த்தம். கேம் கார்டில் வந்த வெர்ஷன் 1.00. இந்தக் கோளாறை 1.03-இல் சரிசெய்திருக்கிறார்கள் என்று தேடியதில் தெரிந்தது. அப்டேட் போட வேண்டியதுதானே என்று கேட்கலாம். அங்கேதான் சிக்கல்.

என்னிடம் இருப்பது மெலிசான 2000 மாடல், செகண்ட் ஹேண்ட். சிஸ்டம் சாஃப்ட்வேர் 3.65, அதில் என்சோ போட்டது. தெரியாதவர்களுக்கு: வீட்டா ஜப்பானில் 2011 டிசம்பரில் வந்தது, 2016 ஜூலையில் ஹென்காக்கு என்ற வழி வெளியாகி அதன் பூட்டு திறந்தது, அதாவது வெளி ஆட்கள் எழுதிய புரோகிராம்களும் அதில் ஓடும். அப்போது ஒவ்வொரு முறை ஆஃப் செய்து ஆன் செய்யும்போதும் திரும்பத் திறக்க வேண்டும். அடுத்த வருஷம் வந்த என்சோதான் அதை நிரந்தரமாக்கியது. என்சோ 3.60-இலும் 3.65-இலும்தான் உட்காரும். கம்பெனியின் கடைசி வெர்ஷன் 3.74. அதற்கு ஏற்றினால் என்சோ போய்விடும், அதனால் இந்த மிஷினை நான் கம்பெனியின் ஆன்லைன் கடைப் பக்கமே எட்டிப் பார்க்க விடுவதில்லை. வைஃபை என்பது வீட்டுக்குள் ஃபைல் மாற்ற மட்டும். ஆக, கேமுக்கான அப்டேட்டை நானே இறக்கி, நானே பிரித்து, நானே உள்ளே வைக்க வேண்டும்.

கேம் கார்டு என்னுடையதுதான், அதைச் சொல்லிவிடுகிறேன். ஆனால் கார்டு செருகும் ஓட்டையில் இப்போது ஒரு சின்ன அடாப்டர் உட்கார்ந்திருக்கிறது. எஸ்டி2வீட்டா என்பார்கள், போன் மெமரி கார்டை அதற்குள் வைத்துச் செருகலாம். வெளியே இழுக்க நகம் போதாது என்று அதன் தலையில் செல்லோடேப்பை மடித்து ஒரு வால் ஒட்டியிருக்கிறேன். அடாப்டர் உள்ளே போனால் கார்டுக்கு இடமில்லை. அதனால் என்னிடம் இருந்த கார்டுகளை எல்லாம் முன்பே ஒவ்வொன்றாக, நோன்பிடிஆர்எம் என்ற ப்ளகின் (துணை புரோகிராம்) வைத்துக் காப்பி எடுத்து மெமரிக்கு மாற்றியிருந்தேன். அந்த வேலை தனிக் கதை, இங்கே வேண்டாம்.

சரி, அப்டேட் எப்படி உட்கார்கிறது என்று முதலில் புரிந்துகொண்டது நல்லதாய்ப் போயிற்று. வீட்டாவில் கேம் ஒரு ஃபோல்டர், அப்டேட் வேறொரு ஃபோல்டர். மெமரிக்கு உள்ளே ஆப் என்று ஒன்று, பேட்ச் என்று ஒன்று, கூடுதல் சரக்குகளுக்கு ஆட்கான்ட் என்று ஒன்று. மூன்றிலும் கேமின் அடையாள எண்ணே ஃபோல்டர் பெயர். கேம் ஓடும்போது ஒரு ஃபைல் வேண்டுமென்றால் முதலில் பேட்சில் பார்க்கும், இல்லையென்றால்தான் ஆப்பில் எடுக்கும். மூலக் கேமை யாரும் தொடுவதில்லை. இந்த ஏற்பாடு எனக்கு ரொம்பப் பிடிக்கும். அப்டேட் பிடிக்கவில்லையா, பேட்சில் இருக்கும் அந்த ஒரு ஃபோல்டரை அழித்தால் பழையபடி 1.00. கம்ப்யூட்டரில் இத்தனை வருஷம் கேம் ஆடியும் இவ்வளவு சுத்தமாகப் பார்த்ததில்லை.

முதல் நாள் மதியம் அப்டேட் ஃபைலை இறக்கினேன். 380 எம்பி சொச்சம். அது பிகேஜி என்ற பொட்டலமாக வரும், பிகேஜி2ஜிப் என்ற சின்ன புரோகிராம் அதைப் பிரித்து ஜிப்பாக்கித் தரும். மூலக் கேமைப் பிரிப்பதென்றால் உரிமச் சாவி கேட்கும். அப்டேட்டுக்குக் கேட்காது, ஏனென்றால் மூலக் கேமின் உரிமத்தையே அதுவும் பயன்படுத்திக்கொள்கிறது. இந்த ஒரு வாக்கியத்தை அன்றைக்கே ஒழுங்காக யோசித்திருந்தால் அடுத்த மூன்று மணி நேரம் மிச்சமாகியிருக்கும்.

வீட்டாவில் ஃபைல்களைப் பார்க்கவும் நகர்த்தவும் உதவும் வீட்டாஷெல் என்ற புரோகிராமைத் திறந்து செலக்ட் பட்டனை அழுத்தினால், வைஃபையில் ஃபைல் மாற்றும் எஃப்டிபி ஆரம்பிக்கும், திரையில் ஒரு முகவரியும் கடைசியில் 1337 என்ற போர்ட் எண்ணும் வரும். லேப்டாப்பிலிருந்து அதில் நுழைந்து பேட்சுக்குள் ஃபோல்டரை அனுப்பினேன். என் வீட்டில் நொடிக்கு ஒரு எம்பி, காற்றடிக்காத நாளில் ஒன்றரை. முடிந்ததும் வீட்டாஷெல்லின் முதல் பக்கத்தில் முக்கோணத்தை அழுத்தி, கேம்கள் தெரியும் முகப்பான லைவ் ஏரியாவுக்கு ரெஃப்ரெஷ் கொடுத்தேன். ஒன்றும் சேரவில்லை. கேமின் தகவல் பக்கத்தில் இன்னும் 1.00.

ஃபோல்டர் பெயரை அப்போதுதான் உற்றுப் பார்க்கிறேன். நான் இறக்கியது பிசிஎஸ்இ என்று ஆரம்பிக்கிறது, அதாவது அமெரிக்கப் பதிப்பு. என் கார்டு பிசிஎஸ்பி, ஐரோப்பியப் பதிப்பு. அதே கேம், அதே அட்டைப்படம், ஆனால் மிஷினுக்கு இரண்டும் சம்பந்தமே இல்லாத இரண்டு பொருள். இங்கே நான் செய்த முட்டாள்தனத்தை மறைக்காமல் சொல்கிறேன். ஃபோல்டரின் பெயரை பிசிஎஸ்பி என்று மாற்றி வைத்தேன். எண்ணும் என் கேமுடைய எண். வேலை செய்தால் செய்யட்டுமே என்று.

கேம் திறக்கவே இல்லை. முன்பு நாலாவது ரேஸ் வரைக்குமாவது போனது. இப்போது முகப்பில் கேமின் வட்டப் படத்தை (பபுள்) தொட்டதும் பிழை. மருமகன் பக்கத்தில் நின்று என் முகத்தைப் பார்த்தான். "மாமா, கேம் போச்சா?" போகவில்லை, பேட்சில் இருந்ததை அழித்ததும் பழையபடி திறந்தது. உள்ளே இருக்கும் ஃபைல்கள் அந்தந்தப் பதிப்பின் உரிமத்திலிருந்து வரும் சாவியால் பூட்டியவை. நான் செய்தது, பூட்டை அப்படியே விட்டுவிட்டு கதவில் வீட்டு நம்பரை மட்டும் மாற்றி எழுதிய வேலை.

சரியான பிசிஎஸ்பி பொட்டலத்தைத் தேடி எடுத்து, பிரித்து, அனுப்ப ஆரம்பித்தபோது மாலை ஆறு. ஜூன் மாதம் எங்கள் ஊரில் சாரல் அடித்தால் குற்றாலத்துக்கு வருகிறவர்களுக்குக் கொண்டாட்டம், எங்களுக்குக் கரண்ட் கட். ஆரியங்காவு கணவாய் வழியாக வரும் காற்றில் எங்கேயாவது ஒரு கிளை கம்பியில் உரசினால் போதும். பாதியில் போயிற்று. லேப்டாப்பில் சார்ஜ் இருக்கிறது, வீட்டாவில் சார்ஜ் இருக்கிறது, நடுவில் உட்கார்ந்திருக்கும் ரவுட்டருக்குத்தான் உயிர் இல்லை.

கரண்ட் வந்ததும் விட்ட இடத்திலிருந்து அனுப்பினேன். புரோகிராமும் முடிந்தது என்றது. நம்பவில்லை. ஒவ்வொரு ஃபைலின் அளவையும் இரண்டு பக்கமும் வைத்து ஒப்பிட்டதில், கரண்ட் போன நேரத்தில் போய்க்கொண்டிருந்த பெரிய ஃபைல் ஒன்று வீட்டாவில் 41 எம்பி குறைவு. பாதியில் நின்ற ஃபைலை "ஏற்கெனவே இருக்கிறது" என்று தாண்டிப் போயிருக்கிறது. இந்த அளவில் ரெஃப்ரெஷ் கொடுத்திருந்தால் கேம் எங்கே விழுந்திருக்கும் என்று யாருக்குத் தெரியும், பாட்டுப் பாடும் இடத்தில்கூட விழலாம், நானும் அப்டேட்டே சரியில்லை என்று திட்டிக்கொண்டிருப்பேன். எல்லாவற்றையும் அழித்துவிட்டு, இந்த முறை வயர். 2000 மாடலில் நம் பழைய ஆண்ட்ராய்டு போன் சார்ஜர் வயரே சேரும். வீட்டாஷெல் செட்டிங்கில் எஃப்டிபிக்குப் பதில் யுஎஸ்பி என்று மாற்றினால் அதே செலக்ட் பட்டன் மெமரி கார்டை லேப்டாப்பில் பென்டிரைவ் மாதிரி காட்டும். ஒரே ஒரு நிமிஷத்தில் முடிந்தது. இதை முதலிலேயே செய்யாமல் ஏன் எஃப்டிபியோடு மல்லுக்கட்டினேன் என்று கேட்டால் என்னிடம் பதில் இல்லை, எழுந்து போய் வயர் எடுக்கச் சோம்பேறித்தனம்.

ரெஃப்ரெஷ். மறுபடியும் பூஜ்யம்.

இந்த முறை எரிச்சலாக இருந்தது. உள்ளே போய்ப் பார்த்தால் பேட்ச், அதற்குள் பிசிஎஸ்பி, அதற்குள் இன்னொரு பிசிஎஸ்பி. ஜிப்பைப் பிரித்தபோது லேப்டாப் தானாக ஒரு ஃபோல்டர் போட்டு அதற்குள் பிரித்திருக்கிறது. வெளி ஓட்டை உரித்து ஃபைல்களை ஒரு படி மேலே நகர்த்தினேன். ரெஃப்ரெஷ் கொடுப்பதற்கு முன் எஸ்சிஇ_சிஸ் ஃபோல்டருக்குள் இருக்கும் பாரம்.எஸ்எஃப்ஓ ஃபைலைத் திறந்து பார்த்தேன், வீட்டாஷெல்லே அதைப் படித்துக் காட்டும். அதில் மூன்று வரிதான் எனக்கு வேண்டியது: அடையாள எண் என் கேமோடு ஒத்துப்போகிறதா, வகை ஜிபி என்று இருக்கிறதா (மூலக் கேம் என்றால் ஜிடி, அப்டேட் என்றால் ஜிபி), ஆப் வெர்ஷன் 01.03-ஆ. மூன்றும் சரி. கூடவே எந்த சிஸ்டம் வெர்ஷன் வேண்டும் என்றும் ஒரு வரி உண்டு. இதில் 3.65-க்குக் கீழேதான் இருந்தது, தப்பித்தேன். அதற்கு மேல் கேட்கும் கேம்களுக்கு ரீஃபூட் என்ற ப்ளகின் வேண்டும், அந்தப் பக்கம் நான் இன்னும் போகவில்லை.

இந்த மூன்று வரியை முதலிலேயே பார்த்திருந்தால் அமெரிக்கப் பதிப்பு அங்கேயே மாட்டியிருக்கும். இப்போது எந்த அப்டேட்டாக இருந்தாலும் லேப்டாப்பிலிருந்து அனுப்புவதற்கு முன் எண்ணை மட்டும் ஒரு துண்டுத் தாளில் எழுதி வைத்துக்கொண்டு எழுத்தெழுத்தாகப் பார்க்கிறேன். அக்கா அந்தத் தாளைப் பார்த்துவிட்டு லாட்டரிச் சீட்டு நம்பரா என்று கேட்டாள். எல்லை தாண்டினால் ஆரியங்காவில் லாட்டரி விற்கிறவர்கள்தான் முதலில் வருவார்கள், அவள் சந்தேகமும் நியாயம்தான்.

இன்னொன்று: ரெஃப்ரெஷ்ஷுக்கு முன் சேவ் டேட்டாவைக் காப்பி எடுத்தேன். யூசர், அதற்குள் 00, அதற்குள் சேவ்டேட்டா, அங்கே கேமின் எண். அதை அப்படியே லேப்டாப்புக்கு இழுத்துப் போட்டேன். சில கேம்களில் புது வெர்ஷனில் ஒரு முறை சேவ் ஆகிவிட்டால் பழைய வெர்ஷன் அதைத் திறக்காது. மருமகன் இரண்டு விடுமுறையாகச் சேர்த்த வண்டிகள் எல்லாம் அதற்குள் இருக்கின்றன, அது போனால் நான் இந்த வீட்டில் இருக்க முடியாது.

ரெஃப்ரெஷ் கொடுத்தேன், ஒன்று சேர்ந்தது என்று வந்தது. தகவல் பக்கத்தில் 1.03. ராத்திரி ஒன்பதரை. அவன் தூங்கவில்லை. நாலாவது ரேஸ், கடைசிச் சுற்று, பாலம் வந்தது, இருவரும் மூச்சுவிடவில்லை, தாண்டியது. மூன்றாவதாக வந்தான், முதலாவதாக வந்த மாதிரி குதித்தான்.

அடுத்த நாள் காலையில் முகம் தொங்கிப்போய் வந்தான். இரண்டாவது ரேஸில் ஒரு சுவரை உரசிக்கொண்டு போனால் பாதிச் சுற்றை விழுங்கிவிடும் குறுக்குவழி ஒன்று இருந்ததாம். அவன் கண்டுபிடித்தது, புனலூரில் கூட்டாளிகளுக்கெல்லாம் அதைக் காட்டுவதாகச் சொல்லி வைத்திருக்கிறான். 1.03-இல் அந்தச் சுவரை அடைத்துவிட்டார்கள்.

"பழசு வேணும்னா நாலாவது ரேஸ்ல நிக்கும்லே," என்றேன்.

"ரெண்டும் வேணும் மாமா."

பேட்ச் ஃபோல்டரையும் 1.03-இன் சேவ் டேட்டாவையும் லேப்டாப்பில் பத்திரப்படுத்திவிட்டு பேட்சை மிஷினில் அழித்தேன், முந்தின நாள் எடுத்து வைத்த சேவ் டேட்டாவைத் திரும்பப் போட்டேன். 1.00 திறந்தது. குறுக்குவழியில் போகிறதை என் போனில் வீடியோ எடுக்கச் சொன்னான், நாலு தடவை எடுத்த பிறகுதான் திருப்தி. அப்புறம் திரும்ப 1.03, அதற்குரிய சேவ், ரெஃப்ரெஷ், எல்லாம் சேர்த்து மூன்று நிமிஷம்கூட ஆகவில்லை. ஞாயிற்றுக்கிழமை கொல்லம் வண்டியில் ஏறும்போது வீட்டாவையும் கூடக் கொடுத்தனுப்பினேன். பகவதிபுரம் தாண்டி குகைக்குள் போகிற வரைக்கும் சிக்னல் இருந்திருக்கிறது, அங்கிருந்து அக்கா போனில் பேசினான். ஏழாவது ரேஸில் இருக்கிறானாம். சார்ஜர் என் மேசையிலேயே கிடக்கிறது.