பெல்வெதர்: மணி கட்டுன ஆடு

பெல்வெதர்னு ஒரு இங்கிலீஷ் வார்த்தை இருக்குது, தேர்தல் டைம்ல இங்கிலீஷ் பேப்பர்லயும் டிவி டிபேட்லயும் அடிக்கடி காதுல விழும், மத்த நாள்ல பிசினஸ் பக்கத்துல மட்டும் தலையைக் காட்டும். இந்தத் தொகுதி ஒரு பெல்வெதர், இந்தக் கம்பெனி ஒரு பெல்வெதர்னு சொல்லிட்டுப் போயிடுவாங்க. போட்டித் தேர்வுக்குப் படிக்கிற நம்ம பசங்க 'முன்னோடி', 'தலைவர்'னு நோட்ல எழுதி வெச்சிக்கினு மனப்பாடம் பண்றாங்க. அது இந்த வார்த்தைக்கு செய்யற அநியாயம்னு எனக்குத் தோணுது, ஏன்னா இதுல இருக்கற விஷயமே வேற. வேலூர், அணைக்கட்டு, ஒடுகத்தூர், போளூர்னு இந்தப் பக்கம் ஆடு மேய்க்கிற வீட்டுல வளந்தவங்களுக்கு அந்த விஷயம் நல்லாவே தெரியும், அதுக்கு இங்கிலீஷ்ல இப்படி ஒரு பேரு இருக்குதுன்னு மட்டும்தான் தெரியாது.

வார்த்தையை ரெண்டா பிரிச்சா முதல்ல பெல், அதாவது மணி. அடுத்து வெதர். மழை வெயில் சொல்ற வெதர் இல்ல, இது வேற வார்த்தை, காயடிச்ச செம்மறிக் கிடாவுக்குப் பேரு. இங்கிலீஷ்காரங்க ஆட்டை நம்பிப் பொழச்சவங்க, கம்பளி வித்துதான் அந்த நாடே ஒரு காலத்துல பணம் பாத்தது, அதனால கிடாவுக்கு ரேம், பெட்டைக்கு யூ, குட்டிக்கு லேம், காயடிச்சதுக்கு வெதர்னு ஒண்ணொண்ணுக்கும் தனித்தனியா பேரு வெச்சிருக்காங்க. நம்ம பழந்தமிழ்லயும் தகர், கடா, மறி, யாடுன்னு எவ்ளோ பேரு இருந்துது, இப்ப பேச்சுல பாதி காணாம போயிடுச்சி.

இந்த வெதர்க்கு வேர் தேடிப் போனா இன்னும் சுவாரசியம். வருஷம்னு அர்த்தம் வர்ற ரொம்பப் பழைய ஒரு வேர்ல இருந்து வந்த வார்த்தை இது, ஒரு வயசுக் குட்டின்றதுதான் முதல் பொருளா இருந்திருக்கும்னு மொழி ஆராய்ச்சி பண்றவங்க சொல்றாங்க. அதே வேர்தான் சமஸ்கிருதத்துல வத்ஸம், கன்னுக்குட்டி. கன்னுக்குட்டி மேல பசு வெக்கிற பாசம் வாத்ஸல்யம். வருஷத்துக்குச் சொல்ற சம்வத்ஸரமும் அதே குடும்பம்தான். லத்தீன் பக்கம் போனா, வயசானவன், பல வருஷம் பாத்தவன்னு அர்த்தம் வர்ற வெட்டரனும் அதுல இருந்து வந்ததுதான். கோயில்ல ஐயர் சங்கல்பத்துல வருஷப் பேரு சொல்றதும், இங்கிலாந்துல ஒரு மேய்ப்பன் காயடிச்ச கிடாவைக் கூப்பிட்டதும் ஒரே வேர்ல இருந்துன்றத நெனச்சா எனக்கு இப்பவும் சந்தோஷமா இருக்குது.

சரி, ஏன் காயடிச்ச கிடா? காயடிக்காத கிடா பெட்டை பின்னாடி சுத்தும், இன்னொரு கிடாவைப் பாத்தா முட்டப் போகும். பெட்டைக்கு சினை, ஈத்து, குட்டின்னு வேலை இருக்குது. காயடிச்சது இந்த ரெண்டு தொந்தரவும் இல்லாம அது பாட்டுக்கு நிதானமா நடக்கும், ஆளுக்கும் பழகிடும், வருஷக்கணக்கா மந்தையிலயே நிக்கும். இப்ப கால்நடை ஆஸ்பத்திரியில இடுக்கி மாதிரி ஒண்ணு வெச்சிருக்காங்க, பர்டிசோன்னு பேரு, ரத்தம் வராம வேலை முடிஞ்சிரும். அந்த மாதிரி ஒரு கிடா கழுத்துல மணியைக் கட்டி மந்தைக்கு முன்னால விட்டா அதுதான் பெல்வெதர்.

எங்க பெரியப்பா ஒடுகத்தூர் பக்கம் ரொம்ப நாளா ஆடு வெச்சிருந்தவரு. நம்ம பக்கத்து சிவப்புச் செம்மறி, மெட்ராஸ் ரெட்னு கால்நடைப் புஸ்தகத்துல போட்டிருக்கும், கம்பளி இல்லாம முடி மட்டும் இருக்குமே அந்த ஜாதி. அறுப்பு முடிஞ்ச கழனியில எருவுக்காக நைட்ல மந்தையை மடக்குவாங்க, பகல்ல காட்டோரம், ஏரிக்கரைன்னு மேய்ச்சல். அவரு மந்தையில ஒரு காயடிச்ச கிடாவுக்கும் ஒரு வெள்ளாட்டுக்கும் மணி கட்டியிருப்பாரு, சந்தையில வாங்கின வெண்கல மணி, ரெண்டும் வேற வேற சத்தம். சின்ன வயசுல நான் அவர்கிட்ட கேட்டிருக்கேன், "அந்த மணி கட்டுன ஆடு சொல்றதைத்தான் மத்ததுங்க கேக்குமா பெரிப்பா?"

அவரு சொன்னது: "அது இன்னாடா சொல்லும், அதுக்கு இன்னா தெரியும். முன்னால போறது அதுக்குப் பழக்கம், பின்னால போறது மத்ததுங்களுக்குப் பழக்கம். மணி ஆட்டுக்கு இல்லடா, எனக்கு. வேலிகாத்தான் உள்ள பூந்துகினா மந்தை எங்க கீதுன்னு நான் எப்படி கண்டுபிடிக்கிறது?"

இந்த வார்த்தைக்கு இதைவிட நல்ல விளக்கத்தை நான் எந்த அகராதியிலயும் பாக்கல. மணி சத்தம் மேய்க்கிறவனுக்கு. அவன் பின்னால தொரட்டியோட வருவான், இல்ல ஒரு மரத்தடியில உக்காந்திருப்பான், முள்ளுக்காட்டுல ஆடு கண்ணுக்குத் தெரியாது, மணி எந்தப் பக்கம் கேக்குதோ அந்தப் பக்கம் மந்தை இருக்குதுன்னு அர்த்தம். அதனால பெல்வெதர்னா உத்தரவு போடற தலைவன் இல்ல. மொத்தக் கூட்டமும் எந்தப் பக்கம் நகருதுன்னு தூரத்துல இருக்கறவனுக்குக் காட்டிக் குடுக்கற ஒண்ணு. முன்னால போற 'வெதர்' பாதியை மட்டும் பாத்தா தலைவன்னு தோணும், 'பெல்' பாதியையும் சேத்துப் பாத்தாதான் முழு அர்த்தம் கிடைக்கும்.

இதை மனசுல வெச்சிக்கினு தேர்தல் பேச்சுக்கு வரலாம். அமெரிக்காவுல ஒஹாயோ மாநிலம் 1964ல இருந்து 2016 வரைக்கும் எல்லா அதிபர் தேர்தல்லயும் ஜெயிச்சவருக்கேதான் ஓட்டு போட்டுது, அதனால அதுக்கு பெல்வெதர்னு பேரு. 2020ல ஒஹாயோ டிரம்ப் பக்கம் போச்சு, ஜெயிச்சது பைடன். மிசூரி அதுக்கு முன்னாடியே 1904ல இருந்து 2004 வரைக்கும் 1956ஐத் தவிர எல்லாத்துலயும் சரியா இருந்துது, 2008ல வழி மாறிடுச்சி. ஆஸ்திரேலியாவுல ஈடன் மொனாரோன்னு ஒரு தொகுதி, 1972ல இருந்து 2013 வரைக்கும் அங்க எந்தக் கட்சி ஜெயிச்சுதோ அதுதான் ஆட்சி, 2016ல அதுவும் உடைஞ்சிது. அமெரிக்காவுல மெய்ன் மாநிலம் இன்னும் பெரிய கதை, அப்ப அங்க மாநிலத் தேர்தல் அதிபர் தேர்தலுக்கு முன்னாடி செப்டம்பர்லயே நடக்கும்ன்றதால மெய்ன் போற வழியில நாடு போகும்னு ஒரு பழமொழியே இருந்துது, 1936ல மெய்ன் போன வழியில வெர்மான்ட் ஒண்ணுதான் போச்சு, மீதி 46 மாநிலமும் ரூஸ்வெல்ட் பக்கம்.

இது ஏன் உடையுதுன்னா, அந்த ஊரு மத்த ஊர்களை இழுத்துக்கினு போகல. ஒஹாயோக்காரங்க ஓட்டு போட்டதைப் பாத்து மத்தவங்க போடல. தொழிற்சாலை, விவசாயம், டவுன், கிராமம்னு நாட்டோட கலவையே அங்க சின்ன அளவுல இருந்துது, அதனால நாடு போன பக்கம் அதுவும் போச்சு, கலவை மாறினதும் மணி வேற பக்கம் கேக்க ஆரம்பிச்சிது. இன்னொண்ணு, வெறும் தற்செயலும் இதுல நிறைய. 234 பேர் ஆளுக்கு அஞ்சு தடவை காசு சுண்டினா அதுல ஏழு பேருக்காவது அஞ்சும் தலையே விழ வாய்ப்பு இருக்குது, நம்ம சட்டசபைத் தொகுதி 234ஐயும் அப்படிப் பாத்தா சிலது எப்பவும் ஜெயிக்கிற கட்சி பக்கமே இருந்த மாதிரி தெரியும், அதை ராசியான தொகுதின்னு சொல்லிடுவாங்க. தமிழ்நாட்டுல அலை அடிச்சா ஒரே பக்கமா அடிக்கும்ன்றதால அந்த எண்ணிக்கை இன்னும் கூடும். ராசின்றது வேற, பெல்வெதர்ன்றது வேற. ஏன் ஒத்துப் போகுதுன்னு ஒரு காரணம் காட்ட முடிஞ்சாதான் அந்த வார்த்தையைப் போடணும்.

ஸ்விங் தொகுதின்னு ஒண்ணு சொல்வாங்க, அதையும் இதையும் கலந்துடறாங்க. ஸ்விங்னா எந்தப் பக்கம் வேணா சாயும், அது சாயறதுதான் முடிவை மாத்தும். பெல்வெதர் முடிவை மாத்தணும்னு அவசியமே இல்ல, முடிவு எப்படின்னு காட்டினா போதும்.

நம்ம வேலூரையே எடுத்துக்கலாம். 2019 லோக்சபா தேர்தல்ல பணம் பிடிபட்ட விவகாரத்துல வேலூர் தேர்தலை மட்டும் ரத்து பண்ணாங்க. ஏப்ரல்ல மத்த 38 தொகுதியும் ஓட்டு போட்டுது, மே மாசம் ரிசல்ட்ல திமுக கூட்டணி 37. வேலூருக்கு ஆகஸ்ட் 5தான் ஓட்டு, 9ஆம் தேதி எண்ணுனாங்க, திமுக 8,141 ஓட்டுல ஜெயிச்சிது. அந்த நேரத்துல டீக்கடைப் பேச்சுல, டிவியில எல்லாம் வேலூர்தான் அடுத்த அரசியலுக்கு பெல்வெதர்ன்ற மாதிரி பேசினாங்க. மந்தை மொத்தமும் போய் மூணு மாசத்துக்கும் மேல கழிச்சி தனியா நடந்து வர்ற ஆட்டுக்கு மணி கட்டி என்ன பிரயோஜனம்? மே மாசத்துல பல தொகுதியில லட்சக்கணக்குல இருந்த வித்தியாசம் இங்க சில ஆயிரமா சுருங்குனதுக்குத் தனிக் காரணங்கள் இருக்குது, அதைத் தனியாத்தான் பேசணும்.

பிசினஸ்ல இந்த வார்த்தை கொஞ்சம் நல்லாவே பொருந்துது. இன்ஃபோசிஸை ஐடி பெல்வெதர்னு பேப்பர்ல ரொம்ப வருஷமா எழுதறாங்க, காலாண்டு ரிசல்ட் முன்னாடியே வந்துரும், அதைப் பாத்து மத்த ஐடி கம்பெனிங்க நிலைமை எப்படி இருக்கும்னு ஊகிப்பாங்க. தாமிரத்தோட விலையையும் அப்படித்தான் பாப்பாங்க, வீடு, வண்டி, கரண்ட் கம்பின்னு எது செஞ்சாலும் தாமிரம் வேணும், அதனால விலை எறங்கினா உலகத்துல வேலை கொறையுதுன்னு அர்த்தம். என்னைக் கேட்டா ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டைக்கு பெல்வெதர் எதுன்னா ஷூ கம்பெனி ஓவர்டைம். ஐரோப்பாவுல ஆர்டர் கொறைஞ்சா முதல்ல ஆளைக் கொறைக்க மாட்டாங்க, ஓவர்டைமைத்தான் நிறுத்துவாங்க, பஸ் சாயங்காலமே பொம்பளைங்களை இறக்கி விட்டுட்டுப் போகும், அப்புறம்தான் துணிக்கடை, நகைக்கடை, சீட்டுக் கம்பெனின்னு ஒவ்வொண்ணா தெரியும். ஓவர்டைம் யாரையும் ஆட்டி வைக்கல, நெலமையைச் சொல்லுது, அவ்ளோதான்.

எனக்கு ரொம்பப் பிடிச்ச பிரயோகம் கோர்ட்டுல வர்றது. அமெரிக்காவுல ஒரே மருந்தாலயோ ஒரே கெமிக்கலாலயோ ஆயிரக்கணக்கான பேரு கேஸ் போட்டா எல்லாத்தையும் விசாரிக்க ஆயுசு பத்தாது, அதனால மாதிரிக்கு சில கேஸை மட்டும் எடுத்து முதல்ல விசாரிப்பாங்க, அதுக்கு பெல்வெதர் ட்ரையல்னு பேரு. டூபாண்ட் கம்பெனி தண்ணியில கலந்த சி8 கெமிக்கல் விவகாரத்துல சுமார் 3,500 கேஸு, ஒஹாயோ கோர்ட்டுல சிலதை இப்படி விசாரிச்சாங்க, ஜூரி தீர்ப்பு தொடர்ந்து பாதிக்கப்பட்டவங்க பக்கமே வந்துது, 2017ல கிட்டத்தட்ட 67 கோடி டாலருக்கு மொத்தமா செட்டில் பண்ணாங்க. இங்க கவனிக்க வேண்டியது, அந்த சில கேஸோட தீர்ப்பு மத்த கேஸைக் கட்டுப்படுத்தாது. மணி சத்தம் ரெண்டு தரப்புக்கும் கேட்டுது, எந்தப் பக்கம் போகுதுன்னு புரிஞ்சிது, சமாதானத்துக்கு வந்தாங்க.

இதுக்கு நேர் எதிரா நிக்கிறது நம்ம ஊரு கேஸ். பாலாத்துல தோல் கழிவு கலந்ததை எதிர்த்து வேலூர் சிட்டிசன்ஸ் வெல்ஃபேர் ஃபோரம் போட்ட வழக்குல 1996 ஆகஸ்ட் 28 சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு குடுத்துது, அசுத்தம் பண்றவன்தான் அதுக்கான செலவை ஏத்துக்கணும், ஆபத்து வர்றதுக்கு முன்னாடியே தடுக்கணும்ன்ற ரெண்டும் இந்த நாட்டுச் சட்டத்துல சேந்ததுதான்னு சொன்ன தீர்ப்பு. இன்னைக்கு வரைக்கும் நாடு பூரா சுற்றுச்சூழல் வழக்குல இதைத்தான் காட்டறாங்க, லா காலேஜ்ல வேலூர் கேஸ்னே சொல்லித் தர்றாங்க. அதை பெல்வெதர்னு எழுதினா தப்பு. அது முன்மாதிரித் தீர்ப்பு, பின்னால வர்ற கோர்ட்டுங்களைக் கட்டுப்படுத்தற தீர்ப்பு. பாலாத்துக்கு அதனால எவ்ளோ விடிவு வந்துதுன்றது தனி வேதனை, அதை இன்னொரு நாள் விரிவா எழுதறேன்.

பழைய இங்கிலீஷ்ல இந்த வார்த்தைக்குக் கெட்ட அர்த்தமும் உண்டு. கலகக் கூட்டத்துக்கு முன்னால கத்திக்கினு போறவனை பெல்வெதர்னு இளக்காரமா சொல்லியிருக்காங்க, சும்மா வாய் ஓயாம சத்தம் போடறவனையும் சொல்லியிருக்காங்க. இப்ப யாரும் அப்படிப் பேசறதில்ல. ஆனா ஆட்டுத்தொட்டிப் பக்கம் இதுக்கு ஒரு பங்காளி இருக்குது, ஜூடாஸ் கோட்னு. அறுக்கிற எடத்துக்கு செம்மறிங்க தானா போகாதுன்னு ஒரு வெள்ளாட்டைப் பழக்கி வெச்சி அது பின்னாடி வர வெப்பாங்க, அது மட்டும் வேற கதவு வழியா வெளிய வந்துரும், அடுத்த மந்தையைக் கூட்டிக்கினு போக. ஏசுவைக் காட்டிக் குடுத்த யூதாஸ் பேரு. கூட்டத்துக்கு முன்னால போறதுன்ற வேலை ஒண்ணேதான், ஒண்ணு மேய்ச்சலுக்கு, ஒண்ணு கத்திக்கு. தலைவர்னு மொழிபெயர்க்கறவங்க இந்த ரெண்டு வார்த்தையையும் பக்கத்துல வெச்சிப் பாக்கணும்.

தமிழ்ல எப்படி எழுதலாம்னா, கட்டுரைக்கு ஏத்த மாதிரி 'போக்குகாட்டி'ன்னு போடலாம், தொகுதின்னா 'நாட்டோட போக்கைக் காட்டுற தொகுதி'ன்னு நீட்டியே எழுதிடலாம், ஒண்ணும் குறைஞ்சிடாது. 'முன்னோடி' மட்டும் வேணாம், முன்னோடின்னா புதுசா வழி போட்டவங்க, அது அவங்களுக்குரிய மரியாதை. பேச்சுல நான் 'மணி கட்டுன ஆடு'ன்னேதான் சொல்றேன், கிராமத்துல கேக்கறவங்களுக்கு ஒரு வார்த்தை கூட விளக்க வேண்டியதில்ல. எழுதறப்ப ஸ்பெல்லிங்ல மட்டும் ஜாக்கிரதை, வெதர்ல டபிள்யூ, ஈ, டி, ஹெச், ஈ, ஆர்தான், நடுவுல ஏ வராது. ஏ போட்டு எழுதினது பெரிய பெரிய பேப்பர்லயே வருது, அதைப் படிக்கறவங்களும் ஏதோ வானிலை சம்பந்தப்பட்டதுன்னு எடுத்துக்கறாங்க, ஆடு காணாமலே போயிடுது.