டினா பீக்கா என்ற பாட்டி

நேற்று இரவு 1953இல் வந்த "ரொட்டி, காதல், கனவு" என்ற இத்தாலியப் படத்தை மறுபடி பார்த்தேன். எல்லோரும் அதன் கதாநாயகி ஜீனா லொல்லோபிரிஜிதாவைப் பற்றித்தான் பேசுவார்கள். என் கண் போனது படத்தில் வித்தோரியோ தெ சிகா நடித்த காவல் அதிகாரியின் வீட்டில் வேலை பார்க்கும் கரமெல்லா மேல்தான்.

அந்த வேடத்தில் நடித்த டினா பீக்கா 1884இல் நேப்பிள்ஸில் ஒரு நாடகக் குடும்பத்தில் பிறந்தவர், காலமெல்லாம் மேடையில் உழைத்து, நாடகாசிரியர் எதுவார்தோ தெ பிலிப்போவின் குழுவிலும் நடித்து, கடைசியில் இத்தாலி முழுக்கத் தெரிந்த முகமாக ஆனபோது அவருக்கு வயது எழுபதை நெருங்கியிருந்தது! ஒல்லியான உடம்பு, சிடுசிடுத்த முகம், அப்புறம் அந்தக் கரகரத்த கனமான குரல். வாயைத் திறந்தாலே காட்சி அவருடையதாகிவிடும்.

இந்தப் படத்தின் அடுத்த பாகத்துக்காக 1955இல் சிறந்த துணை நடிகைக்கான வெள்ளி நாடா என்ற இத்தாலியத் திரைப்பட விருது அவருக்குக் கிடைத்தது. 1957இல் தீனோ ரீசி இயக்கிய "சபெல்லா பாட்டி"யில் தலைப்பு வேடமே அவருக்குத்தான். 1968இல் நேப்பிள்ஸிலேயே காலமானார்.

துணை வேடம் என்று நாம் சுலபமாகச் சொல்லிவிடுகிறோம், ஆனால் அந்தப் படத்தில் கரமெல்லா இல்லாத வீட்டை என்னால் நினைத்தே பார்க்க முடியவில்லை. கிடைத்தால் அவசியம் பாருங்கள்.