கல்லு சுமந்துட்டுப் போனவங்க

ரெண்டு நாளா ஸ்பெயின்ல இருக்கற சான்டியாகோ யாத்திரையப் பத்தியே படிச்சிட்டிருக்கேன், மனசு அங்கயே நிக்குது. யாக்கோபு அப்போஸ்தலர் கல்லறைக்கு நடந்து போறவங்களுக்காக 12ஆம் நூற்றாண்டுலயே லத்தீன்ல ஒரு கைடு எழுதி வச்சிருக்காங்க, கோடெக்ஸ் கலிக்ஸ்டினஸ்ங்கற கையெழுத்துப் பிரதியோட அஞ்சாவது பகுதி அது. பிரான்ஸ் வழியா வர்ற நாலு பாதை எங்க ஒண்ணு சேருது, எந்த ஆத்துத் தண்ணியக் குடிக்கலாம், எல்லாம் இருக்கு.

சலாடோன்னு ஒரு ஆறு, கரையில ரெண்டு பேர் கத்தியத் தீட்டிக்கிட்டு உக்காந்திருக்காங்க, தண்ணி குடிக்கலாமான்னு கேட்டா தாராளமா குடிக்கலாம்ங்கறாங்க, குதிரைங்க குடிச்சதும் செத்து விழுது, உடனே தோல உரிக்க ஆரம்பிச்சிடறாங்க. எழுதினவர் தனக்கே நடந்ததா சொல்றார், படிச்சதும் வயித்தக் கலக்கிடுச்சு. அதுக்காக அந்த ரெண்டு பேரோட நவார்ங்கற பகுதி ஜனங்க அத்தனை பேரையும் அவர் கண்டபடி திட்டறது மட்டும் எனக்கு ஒப்பல.

ஆனா திரியாகாஸ்தேலாங்கற ஊர் வந்ததும் யாத்திரைக்காரங்க ஆளுக்கு ஒரு கல்லை வாங்கி காஸ்தன்யேடா வரைக்கும் சுமந்துட்டுப் போவாங்கன்னு எழுதிருக்கார் பாருங்க, சான்டியாகோ பேராலயம் கட்ட சுண்ணாம்பு சுடறதுக்காம். ஏற்கனவே காலு வெடிச்சு நடந்து வர்றவங்க, கையில கல்லோட. அந்த வரிய நாலு தடவ படிச்சேன்.