முதல் வாரம்: ப்ராஜெக்ட் ஜோம்பாய்டில் சாகாமல் இருக்க

ஜாம்பிகளுக்கு நடுவே உயிர்பிழைக்கும் கணினி விளையாட்டான ப்ராஜெக்ட் ஜோம்பாய்டு ஆட ஆரம்பிக்கிறவர்கள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் சாகிறார்கள். கடித்தது ஜாம்பி என்றாலும், சாவு அதற்குப் பத்து நிமிடம் முன்பே தொடங்கியிருக்கும். உள்ளே போக ஜன்னலை உடைத்திருப்பார்கள். சத்தம் கேட்டு நாலு ஜாம்பி வந்திருக்கும். நாலையும் சாய்த்துவிட்ட தெம்பில், மூச்சு வாங்குவதைக் கவனிக்காமல் அடுத்த வீட்டுக்குள் நுழைந்திருப்பார்கள். அங்கே குளியலறைக் கதவுக்குப் பின்னால் ஐந்தாவது நின்றிருக்கும். சத்தமும் களைப்பும் சேர்ந்துதான் புதியவரைக் கொல்கின்றன. இந்த இரண்டையும் கட்டுக்குள் வைத்தால் முதல் வாரம் தாண்டிவிடும்.

கீழே வரும் எண்கள் ஆட்டத்தின் பில்டு 41 பதிப்புக்கு, அபோகலிப்ஸ் எனும் ஆட்ட வகையில் எந்த செட்டிங்கையும் மாற்றாமல் ஆடுகிறவர்களுக்கு. பில்டு 42-இல் கிராஃப்டிங், அதாவது பொருள் செய்யும் முறை, நிறைய மாறிவிட்டது. முதலில் 41-இல் கை பழகுவதே நல்லது.

ஆட்டம் 1993 ஜூலை 9 அன்று, அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தில் தொடங்குகிறது. மல்ட்ரா, ரிவர்சைடு, ரோஸ்வுட், வெஸ்ட் பாயிண்ட் என்று நாலு ஊர்களில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கலாம். ரோஸ்வுட்டை எடுங்கள். சின்ன ஊர், ஜாம்பி கூட்டம் குறைவு, தீயணைப்பு நிலையமும் காவல் நிலையமும் ஊருக்குள்ளேயே இருக்கின்றன. கோடாரியும் தடித்த தீயணைப்பு உடையும் கிடைக்க நல்ல வாய்ப்பு உண்டு. வெஸ்ட் பாயிண்ட் நெரிசலான ஊர். பழகிய பிறகு போகலாம்.

தொழிலுக்கு ஃபயர் ஆஃபீசர் அல்லது கார்பென்டர். முன்னவருக்கு உடல் வலுவும் கோடாரிப் பழக்கமும் கூடவே வரும். பின்னவர் தச்சில் மூன்று லெவலோடு தொடங்குவார். டிரெய்ட், அதாவது கேரக்டரின் குணங்களைத் தேர்ந்தெடுக்கும் பகுதியில், பொறுத்துக்கொள்ளக்கூடிய குறைகளை எடுத்துப் புள்ளி சேர்த்து, உயிர்காக்கும் நிறைகளை வாங்க வேண்டும். ஸ்மோக்கர் (புகைப்பழக்கம்) 4 புள்ளி, ஹை தர்ஸ்ட் (அதிக தாகம்) 6, வீக் ஸ்டமக் (பலவீனமான வயிறு) 3, ஸ்லோ ரீடர் (மெதுவாகப் படிப்பது) 2 தரும். மொத்தம் 15. அதில் 6 கொடுத்துக் கீன் ஹியரிங் (கூர்மையான காது) வாங்குங்கள். முதுகுக்குப் பின்னால் வரும் ஜாம்பியை இன்னும் கொஞ்சம் தூரத்திலேயே உணர வைப்பது இதுதான். புதியவர் வாங்க இதைவிட நல்ல டிரெய்ட் இல்லை என்பேன். இன்னொரு 6-க்கு உடல் வலுவைக் கூட்டும் ஸ்டவுட். ஸ்மோக்கருக்கு வேண்டிய சிகரெட் ஜாம்பிகளின் பாக்கெட்டிலேயே கிடைக்கும். லைட்டர் ஒன்றைத் தொலைக்காமல் வைத்திருந்தால் போதும். தின்-ஸ்கின்டு (மெல்லிய தோல்) 8 புள்ளி தருகிறதே என்று ஆசைப்பட வேண்டாம். அது காயம் படும் வாய்ப்பைக் கூட்டிவிடும், இந்த ஆட்டத்தில் அதைவிடப் பெரிய விலை கிடையாது.

ஆட்டம் தொடங்கியதும் கதவைத் திறந்து வெளியே ஓடாதீர்கள். திரைச்சீலைகளை இழுத்து மூடுங்கள். திரையில்லாத ஜன்னலுக்குப் படுக்கை விரிப்பு ஒன்று போதும். சமையலறையில் கத்தி, வாணலி, அலமாரியில் முழுக்கை சட்டை, நீள பேன்ட், நல்ல ஷூ தேடுங்கள். ஷூவைச் சாதாரணமாக நினைக்க வேண்டாம். கீழே விழுந்த ஜாம்பியை மிதிக்கும்போது அடியின் பலம் காலில் இருப்பதைப் பொறுத்துதான். பிறகு பாத்திரம், பாட்டில், வாளி எதுவாக இருந்தாலும் குழாயில் பிடித்து நிரப்பி வையுங்கள். தண்ணீரும் மின்சாரமும் முதல் நாளிலிருந்து முப்பதாம் நாளுக்குள் எப்போது வேண்டுமானாலும் தனித்தனியாக நின்றுபோகலாம்.

டிவி இருந்தால் சத்தத்தைக் குறைத்துவிட்டுப் போடுங்கள். லைஃப் அண்ட் லிவிங் சேனலில் முதல் வாரம் காலை 6, நண்பகல் 12, மாலை 6 மணிக்கு சமையல், தச்சு, காட்டில் பிழைப்பது பற்றிய நிகழ்ச்சிகள் வரும். உட்கார்ந்து பார்த்தாலே அந்தந்தத் திறமை ஏறும். ஒரு வாரம் தவறாமல் பார்த்தால், பல நாள் மரச்சாமான் உடைத்துச் சேர்க்க வேண்டிய தச்சு அனுபவம் சும்மா கையில் வந்துவிடும். அதனால் முதல் வாரத்தின் வேலையை இந்த மூன்று நேரங்களுக்கு இடையில் பொருத்துங்கள்: காலை நிகழ்ச்சி முடிந்ததும் பக்கத்தில் இரண்டு வீடு, நண்பகலுக்குத் திரும்பு, மறுபடி ஒரு வீடு, மாலைக்குத் திரும்பு. இதில் இன்னொரு லாபமும் இருக்கிறது. தூரம் போகாததால் களைப்பு ஏறாது.

இனி அடிதடி. விரிவாகவே சொல்ல வேண்டிய இடம் இது.

ஒரு ஜாம்பி என்றால் சிரமம் இல்லை. மவுஸின் வலது பட்டனை அழுத்திக் குறிபார்த்தபடி நில்லுங்கள், அது கைக்கெட்டும் தூரத்துக்கு வரட்டும், ஸ்பேஸ் பாரால் தள்ளுங்கள். விழுந்ததும் தலைப்பக்கம் போய் அடியுங்கள் அல்லது மிதியுங்கள். காலைக் குறிவைத்து அடித்தால் நாலைந்து அடி வீணாகும், அதற்குள் அது எழுந்துவிடும். இரண்டு வந்தால் பின்னோக்கி நடந்துகொண்டே, இரண்டும் ஒரே பக்கம் இருக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள். பக்கத்துக்கு ஒன்றாகப் பிரிய விட்டால் ஒன்றை அடிக்கும்போது மற்றது முதுகுக்கு வந்துவிடும். பின்னால் போகும் வழியை முன்கூட்டியே ஒரு முறை பார்த்துவிட்டுத்தான் சண்டையைத் தொடங்க வேண்டும்.

மூன்றுக்கு மேல் என்றால் இடுப்பு உயர வேலி ஒன்றைத் தேடுங்கள். முதல் வாரத்தில் இதைவிடப் பெரிய துணை கிடையாது. வேலியைத் தாண்டி அந்தப் பக்கம் போய், ஓரடி பின்னால் தள்ளி நில்லுங்கள். ஜாம்பி வேலியில் மோதி, இடறி, உங்கள் காலடியில் முகம் குப்புற விழும். எழுவதற்குள் தலையில் இரண்டு அடி. உடனே ஓரடி பின்வாங்குங்கள், அடுத்தது விழும். தவறு நடப்பது இரண்டு இடத்தில்: வேலியை ஒட்டி நின்றால் ஜாம்பி தன் பக்கத்திலிருந்தே பிடித்துக் கீறிவிடும். இரண்டு ஒரே நேரத்தில் விழும்போது பேராசைப்பட்டு இரண்டையும் முடிக்கப் பார்த்தால், ஒன்று எழுந்து கணுக்காலைப் பிடித்துக்கொள்ளும். அப்படி இரண்டு விழுந்தால் ஐந்தாறு அடி பின்னால் நடந்து, அவை எழுந்து தனித்தனியாக வரட்டும் என்று விடுங்கள்.

இந்தச் சண்டை முழுக்கக் கண் ஜாம்பி மேல் மட்டும் இருந்தால் போதாது. திரையின் வலது மேல் மூலையில் மூடுல் எனப்படும் சின்னப் படங்கள் வரும். மூச்சு வாங்கும் படம் முதல் நிலையில் தோன்றியதுமே நிறுத்திவிடுங்கள். அதற்கு மேல் போனால் அடியின் பலம் குறையும். இரண்டு அடியில் சாகிற ஜாம்பிக்கு ஐந்து அடி தேவைப்படும், அந்த ஐந்தும் இன்னும் களைப்பை ஏற்றும். இந்தச் சுழலில் மாட்டியவர்கள் மீள்வது அபூர்வம். நடந்தே விலகுங்கள், சாதாரண ஜாம்பிகள் உங்கள் நடையைவிட வேகமாக வராது. இரண்டு வீடு தள்ளி நாற்காலியில் உட்கார்ந்து, படம் மறைந்த பிறகு திரும்பி வாருங்கள். பை கனத்தால் இதே நிலை இன்னும் சீக்கிரம் வரும். சண்டைக்கு முன் சுமையைத் தரையில் இறக்கிவிட்டு ஆடுவது நல்ல பழக்கம்.

ஆயுதத்தில் குரோபார் (கடப்பாரை) கிடைத்தால் விடவே விடாதீர்கள். வெகு சீக்கிரத்தில் தேயாது. சமையல் கத்தி தாடையில் ஏறினால் ஒரே குத்தில் முடித்துவிடும், ஆனால் சில ஜாம்பிகளைக் குத்துவதற்குள் உடைந்துபோகும். இரண்டு மூன்று வைத்திருந்து அவசரத்துக்கு மட்டும் பயன்படுத்துங்கள். துப்பாக்கியை முதல் வாரத்தில் தொடவே வேண்டாம். ஒரு தோட்டாவுக்கு ஒரு தெருவே கூடிவிடும்.

வீட்டுக்குள் நுழைய ஒரு முறை உண்டு. முதலில் வெளியே ஒரு சுற்று வந்து ஜன்னல் வழியாக உள்ளே பாருங்கள். எல்லாக் கதவையும் ஜன்னலையும் திறந்து பாருங்கள், பூட்டாத ஒன்று பெரும்பாலும் இருக்கும். பிறகு சி பட்டனை அழுத்திக் குனிந்து, க்யூ பட்டனை ஒரு தட்டுத் தட்டுங்கள். நின்றபடி தட்டினால் கத்துவீர்கள், குனிந்து தட்டினால் தாழ்ந்த குரல்தான் வரும். உள்ளே இருப்பது மட்டும் கதவுக்கு வரும், தெரு எழுந்திருக்காது. கதவில் தட்டும் சத்தம் கேட்டால், திறந்துவிட்டு வெளியே, இடமுள்ள பக்கம் நின்று அடியுங்கள். வேறு வழியே இல்லாமல் ஜன்னலை உடைத்தால், ஆயுதத்தால் உடையுங்கள், கண்ணாடித் துண்டுகளை அகற்றிவிட்டே ஏறுங்கள். அலாரம் அடித்தால் ஒரு அலமாரியைக்கூடத் திறக்காமல் வந்த வழியே கிளம்பிவிட வேண்டும். உள்ளே ஒவ்வொரு கதவையும் திறந்தவுடன் ஓரடி பின்னால் வாருங்கள், குறிப்பாகக் குளியலறைக் கதவை.

காயம் பட்டால் கணக்கு இதுதான்: கீறல் என்றால் ஜாம்பியாக மாற்றும் தொற்று வரும் வாய்ப்பு 7 சதவீதம், வெட்டுக் காயம் 25, கடி 100. கடிக்கு மருந்து கிடையாது. மற்ற இரண்டுக்கும் உடனே துணியைக் கிழித்துக் கட்டி, அழுக்கானதும் மாற்றுங்கள். கட்டு இரத்தத்தை நிறுத்துமே தவிர தொற்று வாய்ப்பைக் குறைக்காது. குமட்டல் மூடுல் வந்ததும் எல்லாம் முடிந்தது என்று நினைத்துப் பலர் கேரக்டரைக் கைவிட்டுவிடுகிறார்கள். பக்கத்தில் பிணங்கள் குவிந்திருந்தாலும், கெட்ட உணவைச் சாப்பிட்டாலும் இதே குமட்டல் வரும். பிணங்களை வீட்டிலிருந்து தூரமாக இழுத்துப் போட்டுவிட்டு ஒரு நாள் பொறுத்துப் பாருங்கள்.

சுத்தியலும் ரம்பமும் கிடைத்த அன்றிலிருந்து கட்டுமானம் தொடங்கும். வெறும் வீடுகளில் இருக்கும் மேசை, நாற்காலி, அலமாரிகளைப் பிரித்தால் பலகை, சில சமயம் ஆணி, கூடவே தச்சு அனுபவம். தச்சுப் புத்தகத்தின் முதல் தொகுதி முதல் இரண்டு லெவலுக்கு மட்டும்தான் பலன் தரும். அதைப் படிக்காமல் பிரிக்கத் தொடங்கினால் அனுபவம் வீணாகிறது. ஜன்னலை அடைக்க ஒரு பலகைக்கு இரண்டு ஆணி, ஒரு பக்கத்துக்கு நாலு பலகை வரை அடிக்கலாம். ஆனால் சுத்தியல் அடிக்கும் சத்தமும் ஜாம்பிக்குக் கேட்கும். சுற்றுப்புறத்தைக் காலி செய்யாமல் அடைக்க உட்கார்ந்தால், அடைப்பதே அவற்றை அழைத்துவிடும்.

ஜெனரேட்டருக்கு அவசரமே வேண்டாம். ஹவ் டு யூஸ் ஜெனரேட்டர்ஸ் பத்திரிகையைப் படித்த பிறகு, வீட்டுக்கு வெளியே வைத்து இயக்க வேண்டும். உள்ளே வைத்தால் புகையே கொன்றுவிடும்.

ஆறாம் நாளுக்கும் ஒன்பதாம் நாளுக்கும் இடையில் ஹெலிகாப்டர் வரும். உங்களைப் பின்தொடர்ந்தபடி, அதன் சத்தத்தில் ஊரையே உங்கள் பக்கம் இழுக்கும். ரேடியோவில் அவசர ஒலிபரப்பு அலைவரிசையைத் தேடி வைத்துக்கொண்டால், அன்று வான்வழி நடமாட்டம் இருப்பதாக அறிவிப்பு வரும். அந்த நாளில் உங்கள் தங்குமிடத்தில் இருக்காதீர்கள். இரண்டு நாள் தண்ணீரும் டப்பா உணவும் டின் ஓப்பனரும் எடுத்துக்கொண்டு, தூரத்தில் வேறொரு வீட்டில் ஒதுங்குங்கள். கூட்டம் அங்கே வந்து சேரும், சத்தம் ஓய்ந்ததும் பின்வாசல் வழியாக நழுவி உங்கள் இடத்துக்குத் திரும்பலாம்.

அதற்குப் பிறகு கவலை தண்ணீர்தான். தச்சு லெவல் 4 வந்ததும் மழைநீர்த் தொட்டி செய்யலாம்: நாலு பலகை, நாலு ஆணி, நாலு குப்பைப் பை. பலகையும் ஆணியும் எங்கும் கிடைக்கும், தட்டுப்பாடு குப்பைப் பைக்குத்தான். அதனால் முதல் நாளிலிருந்தே அடுக்களைத் தொட்டியின் அடியில் இருக்கும் பைகளை விடாமல் சேர்த்து வையுங்கள். இந்தத் தொட்டி 160 அலகு பிடிக்கும், லெவல் 7-இல் செய்யும் பெரியது 400. பிடித்த நீரைப் பாத்திரத்தில் கொதிக்கவைத்த பிறகே குடிக்க வேண்டும். தொட்டியை வைக்கும் இடத்துக்கு மேலே கூரையோ மாடித் தளமோ இருக்கக் கூடாது. வராந்தாவில் வைத்த தொட்டியில் எவ்வளவு மழை பெய்தாலும் ஒரு சொட்டு சேராது.